லீவு என்று சொல்லச் சொன்னார்கள்

"வாப்பா மவுத்தாயிட்டாங்கண்ணே" என்று ஹமீது பாயின் மகள் அவர் இறந்த செய்தியைப் போனில் சொன்னபோது, நான் மன்னார்குடியில் என் வெல்டிங் பட்டறையில் இருந்தேன். மிஷினை அணைத்துவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டேன். துபாய் கேம்ப்பில் அவரோடு இருந்த உங்களுக்காக இதை எழுதுகிறேன். அவரைத் திருடன் என்றவர்களும் படிக்கட்டும்.

நாகூர்க்காரரான பாய்தான் குடவாசல் பக்கத்திலிருந்து நம்மைக் கட்டட வேலைக்கு அழைத்துப்போனவர், நம் போர்மேன். அமெரிக்காவில் பேங்குகள் விழுந்த சமயம், ஒரு காலை கேம்ப்புக்கு பஸ் வரவில்லை. பாய் மேனேஜருக்குப் போன் செய்தார். "ரெண்டு நாள் லீவுன்னு சொல்லிடுங்க பாய், பசங்க ரெஸ்ட் எடுக்கட்டும்" என்றாராம் அவர். பாய் அதை அப்படியே நம்மிடம் சொன்னார். நம்பாமல் என்ன செய்வார்? மூத்த மகளின் நிக்காஹுக்கு நாகூர் வரை வந்து, அவரோடு ஒரே தட்டில் சாப்பிட்டவர் அந்த மேனேஜர்.

கம்பெனி மூழ்கி, அதைச் சொன்னபோதே மேனேஜர் தப்பியோட விமான நிலையத்தில் இருந்தார் என்பது பிறகுதான் தெரிந்தது. ஆபீஸ் பூட்டிக் கிடந்தது; நம் பாஸ்போர்ட்டுகள் உள்ளே. கேம்ப்பில் கரண்ட் போயிற்று, தண்ணீர் லாரியும் நின்றது. "அங்க எவனோ வீட்டுக் கடன் கட்டலையாம். அதுக்கு நம்ம அடுப்பு ஏன்டா அணையணும்?" என்று பாய் கேட்டது உங்களுக்கும் நினைவிருக்கும்.

நம்மில் ஒருவன் அவர் சட்டையைப் பிடித்தான். "தெரிஞ்சுதானே லீவுன்னு சொன்னே?"

பாய் அவன் கையை விலக்கவில்லை. "சொன்னது நான்தாம்பா. கடைசி ஆள் ப்ளைட் ஏறாம நான் ஏற மாட்டேன்."

தூதரகத்துக்கு நடையாய் நடந்து எல்லாரையும் அனுப்பிவிட்டு, சொன்னபடியே கடைசியாகத்தான் ஊர் திரும்பினார். அதற்குள் அவர் பெயர் கெட்டிருந்தது. கமிஷனுக்கு ஆட்களை விற்றுவிட்டார் என்று எங்கள் ஊர்க்காரர்களே நாகூருக்குப் போய் அவர் வீட்டு வாசலில் நின்று ஏசினார்கள். நாங்கள் எடுத்துச் சொல்லியும் எடுபடவில்லை. இளைய மகளுக்குப் பேசியிருந்த சம்பந்தம் அதிலேயே முறிந்தது.

சில வருடங்கள் கழித்து, நான் அவர் வீட்டில் இருந்தபோது அந்த மேனேஜர் கூப்பிட்டார். பாய் ஸ்பீக்கரைப் போட்டார்.

"பழசெல்லாம் மறந்துடுங்க பாய். மார்க்கெட் எழுந்துடுச்சு, புதுக் கம்பெனி ஆரம்பிச்சிருக்கேன். ஆளுங்க வேணும்."

"பழைய ஆளுங்கள்ல ஒருத்தன் பேரு சொல்லுங்க சார்."

"அதெல்லாம் இப்ப எதுக்கு பாய்?"

"சரி, ஒருத்தன் ஊரு?"

மேனேஜர் சம்பளம் பற்றிப் பேசத் தொடங்கினார். பாய் போனை வைத்துவிட்டு முகம் கழுவப் போனார். வெகுநேரம் குழாய் ஓடிக்கொண்டிருந்தது.

அடக்கம் முடிந்து வரும்போது ஒரு பெரியவர், "எல்லாரையும் மன்னிச்சிட்டுத்தான் போயிருப்பாரு" என்றார். எனக்கு அப்படித் தோன்றவில்லை. மன்னிப்புக் கேட்டு ஒருவர்கூட அவர் வீட்டுப் படி ஏறியதில்லை. பாய் கடைசிவரை ஆறவில்லை. அவரிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது அந்த ஆறாத மனத்தைத்தான்.