சோஹாரில் தமிழ் பேச ஆளில்லாதிருந்த எங்கள் அத்தான்

அத்தான் எம்மைப் பிரிந்து ஓராண்டு நிறைகின்ற இந்நாளில், அவரை நேரில் அறியாத உறவினர்களுக்காகவும் இதை எழுதுகிறேன்.

ஜெர்மனியில் ஒரு சுரங்க ஊரில் பிறந்தவர் அத்தான். தந்தையாரைச் சுரங்கமே கொண்டுபோனது. கனிமங்களைப் படித்து, பின்பு அவற்றிலிருந்து உலோகத்தை உருக்கியெடுக்கும் துறையிலும் தேர்ந்து ஆய்வாளரானார். அகதியாகச் சென்ற எங்கள் அக்காவை மணந்து, அவரிடமே தமிழ் கற்றார். அது அச்சொட்டான யாழ்ப்பாணத் தமிழ். பிள்ளைகள் இல்லை. அக்கா புற்றுநோயில் மறைந்தபின் அந்த வீட்டில் இருக்க மனமின்றி, ஓமானின் சோஹாரில் செம்பு உருக்கும் ஆலையொன்றில் சேர்ந்தார்.

நான் அப்போது பர் துபாயில் கிளார்க். வெள்ளிக்கிழமைகளில் எல்லை கடந்து காரோட்டி வருவார். "ஏன் அத்தான் இவ்வளவு தூரம்?" என்று கேட்டேன்.

"அங்க என்னோட தமிழ் கதைக்க ஒருத்தருமில்லை, தம்பி. கதைக்காமல் விட்டால் உன்ர அக்கான்ர குரல் எனக்கு மறந்துபோயிடும்."

ஒருமுறை என்னை மலைப்பக்கம் அழைத்துச் சென்று பச்சை படிந்த கல்லொன்றைக் காட்டினார். "இதுக்குள்ள செம்பு இருக்கு. இந்த மலையெல்லாம் முந்திக் கடலுக்கடியில கிடந்தது." சொல்லிவிட்டு அந்தக் கல்லை என் கையில் வைத்தார்.

ஆலையில் ஒருநாள், மழையில் நனைந்த பழஞ்செம்பை உலையில் போடச் சொன்னார்கள். ஈரம் பட்டால் உலை வெடித்து ஆட்கள் சாவார்கள் என்று அத்தான் வேலையை நிறுத்தினார். மேலாளர் சினந்தார். ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை.

"என்னட்ட வந்திடுங்கோ அத்தான்" என்றேன்.

"சாமான் கட்டிப்போட்டு வாறன்" என்றார்.

அந்த வாரமே நெஞ்சுவலி வந்தது. செய்தி கேட்டு உடனே புறப்பட்டேன். எல்லையில் வாகனங்கள் நகரவில்லை. நான் ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தபோது முகத்தை மூடியிருந்தார்கள். ஜெர்மனியிலிருந்த அவரது சகோதரி, உங்கள் முறைப்படியே செய்யுங்கள் என்றார். நானே கொள்ளி வைத்தேன்.

லீவு எடுத்து வந்து பாடை சுமந்த உலைத் தொழிலாளச் சகோதரர்களுக்கு எங்கள் நன்றி. கடைசிவரை அருகிலிருந்த கேரளத்துத் தாதிக்கும் நன்றி. "தம்பி வந்திட்டானோ?" என்று அத்தான் கேட்டுக்கொண்டே இருந்தாராம். நான் அப்போது எல்லையில் நின்றேன். அந்தத் தாதி அத்தானின் கையைப் பற்றி, "வந்நு சாரே, இவிடெ உண்டு" என்று, நான் வந்துவிட்டதாக மலையாளத்தில் சொல்லியிருக்கிறார். அதன்பின் அத்தான் கேட்கவில்லை.

பொய் சொன்னதற்காக அவர் என்னிடம் மன்னிப்புக் கேட்டார். அந்தப் பொய்க்கு எங்கள் குடும்பம் என்றும் கடமைப்பட்டிருக்கிறது.