அறுபத்தைந்தாம் பக்கம்

அன்று அந்தச் சமையலறையில் இருந்தவர்கள்: மியூனிக் பக்கத்தில் கார்ஹிங் ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்த தமிழ் இயற்பியல்காரர், அவருடைய மனைவி, தொட்டிலில் அவர்களுடைய ஆறு மாதக் குழந்தை, நான். வேறு யாரும் இல்லை. இவ்வளவு கறாராகச் சொல்லக் காரணம், விஷயம் வெளியே போனால் யார் வழியாகப் போயிருக்கும் என்று அப்போதே விரல்விட்டு எண்ணிப் பார்த்தவன் நான். குழந்தையையும் சேர்த்துத்தான் எண்ணினேன்.

சிவகாசியில் எட்டாம் வகுப்போடு நின்று அச்சகத்துக்குப் போனவன். முதலாளிக்கு ஜெர்மன் பைண்டிங் மெஷின் வாங்கும் ஆசை வந்தது. அதை ஓட்டப் பழகி வரச்சொல்லி மியூனிக் பக்கத்தில் ஓர் அச்சகத்துக்கு என்னை இரண்டு வருடப் பயிற்சிக்கு அனுப்பினார். "பேரக் கெடுத்துட்டு வந்துராதப்பா" என்பதுதான் வழியனுப்பும்போது அவர் சொன்ன ஒரே வார்த்தை. அது போதாதா? கப்பலில் ஏறியதிலிருந்து அதே நினைப்பு.

நிலவில் மனிதன் இறங்கியதற்கு மறுவருடம். ஓர் அமெரிக்கப் பத்திரிகையாளரின் இரண்டு புத்தகங்கள் ஜெர்மன் மொழியில் எங்கள் அச்சகத்தில் ஒரே வாரத்தில் தயாராயின. ஒன்று, அமெரிக்காவின் குறுக்கே ரயில்பாதை போட்ட வரலாறு. மற்றது, நிலவுக்குப் போன ராக்கெட்டின் கதை. ஒரே அளவு, ஒரே தாள், ஒரே எழுத்து. பின்னட்டையில் டையைத் தளர்த்திவிட்டுச் சிரிக்கும் அதே முகம். மூலை மடங்கிப்போன பிரதிகளை வேலை செய்பவர்கள் எடுத்துக்கொள்ளலாம். நான் ஒரு ரயில் புத்தகத்தை எடுத்து இயற்பியல்காரருக்குக் கொடுத்திருந்தேன். எனக்குத்தான் அதைப் படிக்கத் தெரியாதே.

அந்த ஞாயிற்றுக்கிழமை சர்ச்சிலிருந்து வந்ததும் வராததுமாக அவர் புத்தகத்தை என் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தார்.

"ரயில்பாதை போட வந்த சீனாக்காரங்க மலையைக் குடைஞ்சு வெடி வைக்கிறாங்க. அறுபத்தி நாலாம் பக்கம். எதிர்ப் பேஜ்ல பார்த்தா லிக்விட் ஆக்சிஜன் டேங்க்! நூறு வருஷத்துக்கு முன்னாடி ஏதுய்யா லிக்விட் ஆக்சிஜன்?"

"எழுதினவரே அப்படி எழுதியிருப்பாரோ, சார்?"

"அவர் ஜர்னலிஸ்ட்யா, சித்தர் இல்ல."

அவர் மனைவி கோழிக்குழம்பை ஊற்றிக்கொண்டே சிரித்தார். "நீங்க பைண்ட் பண்ணீங்களா தம்பி, சீட்டுக்கட்டைக் கலைச்சீங்களா?"

தட்டை ஒதுக்கிவிட்டு அந்தப் பக்கத்தைத் திறந்தேன். பதினாறு பக்கமாக மடித்த தாள் ஒரு ஃபாரம். ஒவ்வொரு ஃபாரத்தின் முதுகிலும் ஒரு கறுப்புக் கோடு இருக்கும். வரிசையாக அடுக்கினால் கோடுகள் படிக்கட்டு மாதிரி இறங்கும். ஒரு படி தவறினாலும் கண்ணில் குத்தும். ஆனால் ராக்கெட்டின் ஐந்தாம் ஃபாரத்துக்கும் ரயிலின் ஐந்தாம் ஃபாரத்துக்கும் கோடு ஒரே இடத்தில்தான். பக்க எண்ணும் அறுபத்தைந்து முதல் எண்பது வரை, இரண்டிலும் ஒன்றே. படித்தால் மட்டுமே தெரியும். மெஷினில் ஒவ்வொரு ஃபாரத்துக்கும் ஒரு பெட்டி; ஐந்தாம் பெட்டிக்குத் தாள் போட்டவன் நான். அதைப் போட்ட அன்று காலை அறையில் அடுப்பை அணைத்தேனா இல்லையா என்று யோசித்துக்கொண்டே பக்கத்து ராக்கெட் அடுக்கிலிருந்து ஒரு கை அள்ளியிருக்கிறேன். அடுப்பை அணைத்துத்தான் இருந்தேன்.

"அறுபத்தஞ்சாம் பக்கம் வரைக்கும் எவன் படிக்கப் போறான்? சைலண்ட்டா இருந்துரு" என்றார் அவர்.

"நீங்க படிச்சீங்கல்ல?" என்றார் மனைவி. "போய்ச் சொல்லிருங்க தம்பி. அவங்களா கண்டுபிடிச்சா அசிங்கம்."

பயிற்சி ஒப்பந்தத்தைக் கிழித்தால் விசா போகும். விசா போனால் சிவகாசி. சிவகாசியில் முதலாளியின் முகம். இதைப் பத்துத் தடவையாவது சொல்லியிருப்பேன். கடைசியில் இயற்பியல்காரரே ஒரு காகிதத்தில் நான் பேச வேண்டிய ஜெர்மன் வாக்கியங்களைத் தமிழ் எழுத்தில் எழுதிக் கொடுத்தார். பஸ்ஸில் அதை உருப்போட்டுக்கொண்டே வந்ததில் இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டிப் போய்விட்டேன்.

எங்கள் பிரிவின் தலைமைத் தொழிலாளியை எல்லோரும் மைஸ்டர் என்பார்கள். திங்கள் காலை அவர் மேலங்கி மாட்டும்போதே ஒப்பித்துவிட்டேன். பாதியில் மறந்துபோய்க் காகிதத்தை எடுத்துப் பார்த்தேன். அவரும் எட்டிப் பார்த்தார். அந்த எழுத்து அவருக்கு என்ன புரியும். நான் கொண்டுபோன புத்தகத்தை வாங்கிப் பக்கம் திருப்பினார். மெஷினை நிறுத்தினார். மிச்சமிருந்த ஃபாரங்களை எண்ணச் சொன்னார். ரயிலில் நாற்பது கூடுதல், ராக்கெட்டில் நாற்பது குறைவு.

கிடங்கிலிருந்த அட்டைப்பெட்டிகள் எல்லாம் பிரிக்கப்பட்டன. நான்கு நாள் பிரிவு முழுவதும் அறுபத்தைந்தாம் பக்கத்தைத் திறந்து பார்த்தது. "உன் ராக்கெட் இதோ ஒண்ணு!" என்று கத்தி என்னிடம் கொண்டுவந்து தருவார்கள். சிரிக்கிறார்களா திட்டுகிறார்களா என்று தெரியாமல் ஒவ்வொரு தடவையும் தலையை ஆட்டினேன். வியாழன் சாயங்காலம் இயற்பியல்காரரின் பிரதியோடு சேர்த்து முப்பத்தொன்பது. அதற்கு முன்பே வெளியே போனது ஒரே ஒரு பெட்டி. அமெரிக்காவுக்கு, புத்தகத்தை எழுதியவருக்கே. நாற்பதாவது அதில்தான் போயிருக்க வேண்டும்.

அன்றுதான் மைஸ்டர் என்னைக் கூப்பிட்டார். அவர் அலமாரியிலிருந்து எடுத்தது ஒப்பந்தத்தை அல்ல, காப்பித்தூள் டப்பாவை. தப்புச் செய்பவர், எல்லோருடைய காப்பிக்காகவும், அதில் ஐந்து மார்க் போட வேண்டும். அங்கே வழக்கம் அதுதான். என் வேலைக்கு வந்த ஆபத்து அந்த டப்பாவோடு முடிந்தது. அவசரமாகக் காசை நீட்டினேன். அவர் டப்பாவின் வாயைக் கையால் மூடினார். "நாற்பதும் வரட்டும்."

அமெரிக்காவிலிருந்து ஒரு வரிகூட வரவில்லை. தன் புத்தகத்தைத் தானே திறந்து பார்க்காத மனிதரா, பார்த்துவிட்டுப் பேசாமல் இருந்தவரா, தெரியாது. மறுபடி கலந்துவிடுவேனோ என்ற பயத்தில் அகராதியை வைத்துக்கொண்டு அவருடைய இரண்டு புத்தகங்களையும் எழுத்து எழுத்தாகப் படித்து முடித்தேன். வாழ்க்கையில் நான் முழுதாகப் படித்த முதல் புத்தகங்கள் அவை. பயிற்சி முடிந்தும் அங்கேயே வேலை நீண்டது. நாற்பதாவது பிரதி சுற்றித் திரும்பி வந்திருக்குமோ என்று மியூனிக்கில் பழைய புத்தகக் கடை எதைக் கடந்தாலும் உள்ளே போய் ரயில் புத்தகத்தைத் தேடி அந்தப் பக்கத்தைத் திறப்பேன். சீனர்கள் மலையைக் குடைந்துகொண்டிருப்பார்கள். மூடிவைத்துவிட்டு வெளியே வருவேன். அடுத்த தெருவில் இன்னொரு கடை.

எழுபதுகளின் கடைசியில் மைஸ்டர் ஓய்வு பெற்ற நாளில் மறுபடி காசை எடுத்துப் போனேன். "நாற்பதாவது?" என்றார். இல்லை என்று தலையசைத்தேன். டப்பாவை மூடித் தன் இடத்துக்கு வந்தவர் கையில் கொடுத்துவிட்டுப் போய்விட்டார்.

இன்னும் பாக்கி: ஐந்து மார்க்.