அப்பா சாகாத காட்சி

நானும் ஆங்கிலத் தொலைக்காட்சிக்கு எழுதியவன்தான். ஒரே ஒரு காட்சி, அதில் ஒரே ஒரு வசனம். எழுதியவன் எழுதியவன்தானே.

ஹட்டனில் ஆங்கில டியூஷன் எடுக்கிறேன். மிச்ச நேரத்தில் யாரும் போடாத நாடகங்களை எழுதுவேன். தேயிலைத் தொழிற்சாலையில் முதுகொடிய வேலை செய்து ஓய்ந்த அப்பாவுக்கு அதைக் கண்டாலே ஆகாது. "ஒக்காந்துகிட்டே செய்யிறதெல்லாம் ஒரு வேலையாடா?" என்பார். அது வேலைதான் என்று அவர் வாயால் சொல்லக் கேட்க வேண்டும். எனக்கு வேறு ஆசையே இருந்ததில்லை.

எங்கள் தேயிலைத் தோட்டத்துக்கு ஆங்கிலத் தொடர் ஒன்றைப் படம்பிடிக்க வந்தார்கள். மொழிபெயர்க்க என்னைக் கூப்பிட்டார்கள். கதை எழுதும் வெள்ளைக்கார அம்மாவும் கூடவே வந்திருந்தார். தொழிலாளர் குடியிருக்கும் லயத்தில் அவரைத் துரைசாணி என்றார்கள். பாவம், அவரைத்தான் ஆளாளுக்கு விரட்டினார்கள். பனி இறங்கினால் காட்சியை மாற்று, குதிரை வரவில்லையா, குதிரையே இல்லாமல் எழுது. எழுத்தாளர் வாழ்க்கை பற்றி நான் கட்டி வைத்திருந்த கோட்டையெல்லாம் அந்த வாரமே சரிந்தது.

மண்சரிவில் புருஷனைப் பறிகொடுத்தவள் லயத்து வாசலில் உட்கார்ந்திருக்க வேண்டும். இயக்குநர் அதற்கு என் அம்மாவைத் தேர்ந்தெடுத்தார். அம்மாவும் சந்தோஷமாக வந்து உட்கார்ந்தார். பொட்டை அழித்து, தாலியைக் கழற்றச் சொல்லும் வரை எல்லாம் நன்றாகத்தான் போனது.

"அந்தா நிக்கிறாரு மனுசன், பன்னு தின்னுகிட்டு. அவரு இருக்கையில நான் தாலியக் கழட்டுறதா?"

இது வெறும் நடிப்புத்தான் என்று இயக்குநர் சொன்னதைத் தமிழில் சொன்னேன்.

"நடிப்புன்னாலும் கழுத்து என் கழுத்துதான?"

இதை ஆங்கிலத்தில் சொன்னதும் இயக்குநர் எழுத்தாளரைப் பார்த்தார். எழுத்தாளர் என்னைப் பார்த்தார். "சரி, புருஷன் சாகவில்லை என்றால் இவள் வாசலில் உட்கார்ந்து என்னதான் செய்வாள்?"

என் வாழ்நாளில் அப்படி ஒரு கேள்வியை யாரும் என்னிடம் கேட்டதில்லை.

"செய்தி இன்னும் வரவில்லை. சோறு போட்டு வைத்துக் காத்திருக்கிறாள்" என்றேன். வசனத்தையும் சொன்னேன். அவர் அதை அங்கேயே குறித்துக்கொண்டு, "முடிவில் உங்கள் பெயரும் வரும்" என்றார். அப்பாவுக்குக் கேட்டதா என்று திரும்பிப் பார்த்தேன். ஆங்கிலம் புரியாத அவர் அடுத்த பன்னைப் பிரித்துக்கொண்டிருந்தார்.

கேமரா ஓடியது. அம்மா மடியில் தட்டோடு பாதையைப் பார்த்தார். வீட்டில் தினமும் சொல்கிற அதே குரலில் சொன்னார்.

"சோறு ஆறுது. வரச் சொல்லுங்க."

வேடிக்கை பார்த்த கூட்டத்தை விலக்கிக்கொண்டு அப்பா வந்தார். இடுப்பில் கட்டியிருந்த சாரத்தில் கையைத் துடைத்தார். அம்மா பக்கத்தில் சப்பணமிட்டு உட்கார்ந்து தட்டைத் தன் பக்கம் இழுத்தார்.

"இந்தா, வந்துட்டேன்ல."

இயக்குநர் தலையில் கை வைத்துக்கொண்டார். எழுத்தாளர் கண்ணில் நீர் வரச் சிரித்துவிட்டு, தாள்களோடு கூடாரத்துக்குள் போனார். வெளியே வரும்போது மண்சரிவில் சிக்கிய புருஷன் பிழைத்திருந்தான். எடுத்தது எடுத்தபடியே இருக்கட்டும் என்று அப்பாவையும் படத்தில் விட்டுவிட்டார்கள். சாவுக் காட்சிக்குத் தப்படிக்க வந்தவர்கள் சாப்பிட்டுவிட்டுத் திரும்பிப் போனார்கள்.

தொடர் வந்தபோது லயமே எங்கள் வீட்டுக்குள் நெருக்கியடித்து உட்கார்ந்து பார்த்தது. அப்பா திரையில் வந்ததும் ஒரே கைதட்டல். முடிவில் பெயர்கள் எறும்புச் சாரியாக ஓடின. நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். குதிரைக்காரரின் பெயர்கூட இருந்தது. என் பெயர் இல்லை. எல்லோர் முன்னாலும் அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"ஒம் பேரு வந்துச்சா?" என்று அப்பா கேட்டார்.

"இல்லப்பா."

அவர் எழுந்து வெளியே போனார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை சாமான் வாங்க நோர்வூட்டுக்குப் போனோம். பருப்பு நிறுத்துக்கொண்டிருந்த, எல்லோரும் நானா என்று கூப்பிடும் முஸ்லிம் கடைக்காரரின் கையைப் பிடித்து நிறுத்தினார் அப்பா. நான் பின்னால் நிற்பதை மறந்துவிட்டார் போல.

"கதையில என்னயச் சாகடிக்கத்தான் இருந்தாங்க, நானா. எம் மகன் ஒக்காந்து எழுதுனான். அதனாலதான் நான் உசுரோட இருக்கேன்."