மெயின் கேட் என்று எழுதிய முப்பத்தொரு பேர்

எங்கள் மீன் பதனிடும் ஆலையில் என் அக்காவுக்குப் பெயர் ‘சேஃப்டி அக்கா’. குளிரூட்டும் குழாயில் அமோனியா கசிந்தால் எப்படித் தப்பிப்பது என்று பதினான்கு வருடமாக வகுப்பெடுக்கிறாள். வருடத்துக்கு ஒரு நாள்தான். திரையில் படம், நடுவில் டீ, சாயங்காலம் பரீட்சை. எல்லாருக்கும் தொண்ணூறுக்கு மேல். பேக்கிங்கில் இருக்கும் நான்கூடத் தொண்ணூற்றாறு.

பதினான்காவது வருடம் எங்கிருந்தோ ஓர் ஆராய்ச்சிக் கட்டுரையைப் படித்துத் தொலைத்தாள். படித்த அன்றே வைக்கிற பரீட்சை எதையும் நிரூபிக்காதாம். நாள் கழித்து, எதையும் பார்க்காமல் யோசித்து எழுதும்போதுதான் உள்ளே என்ன நின்றது என்று தெரியுமாம். அப்படி யோசிப்பதே மனதில் பதியவும் வைக்குமாம். மறுநாளே எங்கள் நாற்பது பேரையும் சாப்பாட்டு அறையில் உட்காரவைத்து வெற்றுத்தாளை நீட்டினாள். வகுப்பு முடிந்து மூன்று மாதம் ஆகியிருந்தது.

ஒரே கேள்வி. அபாயச் சங்கு ஊதினால் எந்த வாசலுக்கு ஓடுவீர்கள்?

கூரைக் கம்பத்தில் காற்றின் திசை காட்டும் ஆரஞ்சுத் துணிப்பை ஒன்று உண்டு. அதைப் பார்த்து, மெயின் கேட், பின்வாசல் இரண்டில் காற்று எதற்குப் புகையைத் தள்ளவில்லையோ அந்த வாசலுக்கு ஓட வேண்டும். முப்பத்தொரு பேர் மெயின் கேட் என்று எழுதியிருந்தோம். வண்டி நிற்பது அங்கே, தினமும் வந்து போவது அங்கே. பழக்கதோஷம்.

என் தாளோடு வீட்டுக்கே வந்துவிட்டாள்.

“நீயுமாடி? காத்து கேட் பக்கம் அடிச்சா புகைக்குள்ளயே ஓடுவ. செத்துருவடி.”

“தொண்ணூத்தாறு வாங்கினவகிட்ட இப்படியா பேசுறது?” என்றேன். அவள் முகத்தில் ஈயாடவில்லை. அன்றிலிருந்து எனக்கும் பயம். தலைக்கு மேலே போகும் குழாயைப் பார்க்காமல் ஒரு டப்பா மூடியதில்லை.

பிறகு ஒவ்வொரு திங்கட்கிழமையும் ஐந்து நிமிடம், ஒரு வெற்றுத்தாள். கேள்வியில் ஒரு வாரம் காற்று இப்படி அடிக்கும், மறுவாரம் அப்படி. “படம் போட்டா சுகமா பார்த்துட்டுப் போவோம், இதென்ன சித்திரவதை?” என்று எல்லாரும் முணுமுணுத்தோம்.

மேனேஜரும் விடவில்லை. “தொண்ணூறு இருந்த இடத்துல இருபத்திரெண்டு சதவீதமா? மேலிடத்துக்கு என்னம்மா பதில் சொல்றது?”

“ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது சார். தப்பா எழுதினவங்க எத்தனை பேருன்னு போர்டுலயே எழுதறேன். பயப்படட்டும்.”

எழுதினாள். முப்பத்தொன்று, பதினேழு, ஆறு, பூஜ்யம். பூஜ்யம் வந்த பிறகும் நிறுத்தவில்லை. இடைவெளியை மட்டும் இரண்டு வாரம், ஒரு மாதம் என்று நீட்டினாள்.

ஒரு புதன்கிழமை காலை பதினொரு மணிக்குச் சங்கு ஊதியது. மூக்கைப் பிய்க்கும் நெடி. டப்பாக்களைப் போட்டது போட்டபடி ஓடினோம். ஆனால் முற்றத்துக்கு வந்ததும் கண் தானாகக் கூரைக்குப் போனது. துணிப்பை மெயின் கேட் பக்கம் உப்பி நின்றது; புகையும் அங்கேதான் போகும். நாற்பது பேரும் பின்வாசலுக்குத் திரும்பினோம்.

அப்போதுதான் பார்த்தேன். ஆபீஸிலிருந்து வெளியே வந்த அக்கா மெயின் கேட்டை நோக்கி ஓடிக்கொண்டிருந்தாள்.

பதினான்கு வருடம் விடையைக் கையில் வைத்துக்கொண்டு கேள்வி கேட்டவள். வெற்றுத்தாளில் அவள் ஒருமுறைகூட எழுதியதில்லை.

கண் எரிய ஓடிப்போய் அவள் பின்னலைப் பிடித்து இழுத்தேன். “அக்கா! காத்து எந்தப் பக்கம்?”

அண்ணாந்து பார்த்தாள். பேயறைந்த முகம். என் பின்னாலேயே ஓடி வந்தாள்.

வெளியே தலையெண்ணினார்கள். யாருக்கும் ஒன்றுமில்லை. அவள் தரையில் உட்கார்ந்து என் கையை விடவே இல்லை. “எனக்குத் தோணவே இல்லடி” என்றாள். நான் திரும்பிப் பார்க்காமல் ஓடியிருந்தால் என்ற நினைப்பு இன்றும் என்னை விட்டுப் போகவில்லை.

அடுத்த திங்கட்கிழமை போர்டில் அவளே எழுதினாள்: தவறான வாசலுக்கு ஓடியவர், ஒன்று. பிறகு தாள்களை என்னிடம் கொடுத்துவிட்டு, தனக்கென்று ஒன்றை எடுத்துக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்தாள்.

“கேளுடி” என்றாள். பேனா மூடியைக் கழற்றினாள்.