ஜீப்புக்கு மனசில்லாத நாள்

கல்யாணமான புதிதில் என் கணவர் என்னை வேலூருக்குக் கூட்டிப்போய்க் காட்டிய முதல் படம் ஓர் இங்கிலீஷ் படம். ஞாயிற்றுக்கிழமை காலைக் காட்சி. அந்தப் படத்தில் ஒரு சின்ன கார் வரும். அதற்கு மனசு உண்டு. பிடித்தவர்கள் ஏறினால் துள்ளிக்கொண்டு ஓடும், பிடிக்காதவர்கள் ஏறினால் முறைத்துக்கொண்டு நிற்கும். பேசிய பேச்சு எங்கள் இருவருக்குமே சரியாகப் புரியவில்லை. அவருக்குப் புரியவேண்டிய தேவையும் இருக்கவில்லை. தொடையில் தட்டித் தட்டிச் சிரித்தார். முன்வரிசையில் இருந்தவர் திரும்பிப் பார்த்து, இவர் சிரிப்பைக் கண்டு தானும் சிரித்தார். அன்றைக்கு எனக்கு அவரை மிகவும் பிடித்துப்போனது. இதைச் சொல்லாமல் மற்றதை மட்டும் சொன்னால் அது நியாயமாக இருக்காது.

நான் ஒடுகத்தூர்க்காரி. அவர் எனக்கு அத்தை மகன். ஜவ்வாது மலையில், புதூர்நாட்டுப் பக்கத்தில் ஓர் உண்டு உறைவிடப் பள்ளியில் எனக்கு ஆசிரியை வேலை கிடைத்தபோது, ஏலத்தில் எடுத்த பழைய ஜீப் ஒன்றோடு அவரும் என்னுடன் மலைக்கு வந்தார். அப்போது மேலே வரும் பஸ் பேருக்குத்தான் இருந்தது. மழை பெய்தால் அதுவும் கிடையாது. ஆகவே புளியும் பலாப்பழமும் சாமையும் திருப்பத்தூர்ச் சந்தைக்கு இறங்குவது எங்கள் ஜீப்பில்தான். ஜனங்கள் உள்ளே அடைந்து, பின்னால் தொங்கி, மேலேயும் உட்கார்ந்து போவார்கள். சுற்றுவட்ட ஊர்களுக்கெல்லாம் வேறு வண்டி இல்லை.

சில வருஷம் கழித்து அந்தக் காரை வைத்து எடுத்த இரண்டாவது படம் வேலூருக்கு வந்தது. எங்கள் மகள் அப்போது கைக்குழந்தை. என்னால் போக முடியவில்லை. அவர் போய்ப் பார்த்துவிட்டு, அடுத்த வாரம் மறுபடியும் போனார். திரும்பி வரும்போது ஜீப்பின் முன்விளக்குகளுக்கு மேலே பெயின்டரைக் கொண்டு இமைமயிர் வரையச் சொல்லிக் கொண்டுவந்தார். அன்றிலிருந்து ஜீப் 'அவள்' ஆகிவிட்டது.

"இன்னாம்மா, தூங்குனியா?" என்று காலையில் பானெட்டைத் தட்டிக் கேட்பார். மலைப்பாதையின் வளைவுகளில் முழங்காலால் ஸ்டியரிங்கை அணைத்துக்கொண்டு இரண்டு கைகளையும் மேலே தூக்கிக் காட்டுவார். "பாருங்க, பாருங்க, அவளே போறா!" பின்னால் இருந்தவர்கள் கூச்சலிட்டுச் சிரிப்பார்கள். படத்தின் கதையை வளைவுக்கு வளைவு சொல்லுவார். தியேட்டரையே பார்த்திராத எத்தனையோ பேருக்கு அந்தக் காரின் கதை என் கணவர் வாயால்தான் தெரியும். அவர் நன்றாகவே சொல்லுவார். எனக்கே கேட்டுக்கொண்டிருக்கலாம் போலிருக்கும்.

வண்டி திருடு போகாமல் இருக்க, டாஷ்போர்டுக்கு அடியில் ஒரு சின்ன சுவிட்சை மெக்கானிக்கிடம் சொல்லிப் பொருத்தி வைத்திருந்தார். அதைத் தட்டிவிட்டால் என்ன செய்தாலும் எஞ்சின் எடுக்காது. ஒருநாள் இலவசமாகவே ஏறிப் பழகிய ஒரு ஃபாரஸ்ட் கார்டு முன்சீட்டில் வந்து உட்கார்ந்தபோது, கால் விரலால் அந்தச் சுவிட்சைத் தட்டிவிட்டுச் சாவியைத் திருகினார். வண்டி கம்மென்று இருந்தது.

"அவளுக்கு உங்கள புடிக்கலீங்க சார். நான் இன்னா பண்றது?"

கார்டு இறங்கிய மறுநிமிஷம் வண்டி கிளம்பியது. ஊரே சிரித்தது. வீட்டுக்கு வந்து சுவிட்சு விஷயத்தைச் சொன்னபோது நானும் சிரித்தேன்.

பிறகு அது அவருக்கு வசதியாகிவிட்டது. வாந்தி எடுக்கும் கிழவர் ஏறினால் அவளுக்குப் பிடிக்காது. குடித்துவிட்டு வந்தவனைப் பிடிக்காது. எதிர்த்துப் பேசியவன் மூட்டையைப் பிடிக்காது. அவர் யாருக்கும் 'முடியாது' என்று சொன்னதே இல்லை. முகம் நிறைய வருத்தத்தோடு, "நான் வர்றேன்னுதாங்க சொல்றேன், அவதான் மாட்டேன்றா" என்பார். கோபித்துக்கொள்ள ஆள் கிடைக்காமல் ஜனங்கள் திரும்பிப் போவார்கள். "இது நல்லால்லீங்க" என்று நான் சொல்லும்போதெல்லாம், "போ டீச்சரு, உனக்கு வெளையாட்டே தெரியாது" என்பார்.

எங்கள் பள்ளியில் ஆயாவாக ஒரு மலைப்பெண் இருந்தாள். என்னைவிடச் சின்னவள். ஆயா என்பது வேலையின் பெயர்தான், வயதுக்கு அதில் சம்பந்தமில்லை. என் மகளுக்கு அம்மை போட்டபோது என் வீட்டிலேயே வந்து படுத்துப் பார்த்துக்கொண்டவள். வாய் ஓயாமல் பேசுவாள். நான் பாடம் எடுக்கும்போது ஜன்னலுக்கு வெளியே விறகு அடுக்கிக்கொண்டே பிள்ளைகளை முந்திக்கொண்டு பதில் சொல்லிவிடுவாள். அவளுக்கு ஒரு பெண் குழந்தை இருந்தது. இரண்டாவது வயிற்றில்.

அந்த மாதத்தில்தான் என் கணவர் வாணியம்பாடியில் ஜீப்புக்குப் புது சீட்டு தைத்துப் போட்டுக்கொண்டு வந்தார். ரெக்சின் இல்லை, அசல் தோல். தோல் மண்டி வைத்திருந்த ஒரு பாய் இவருக்குப் பழக்கம். அவர் பார்த்துப் பொறுக்கிக் கொடுத்த தோல். செம்மண் நிறத்தில் அவ்வளவு மிருதுவாக இருந்தது. காட்டில் மரம் வெட்டக் கூப்பு எடுத்திருந்த கான்ட்ராக்டர் ஒருவரின் விருந்தாளிகள் பட்டணத்திலிருந்து வருவதாகவும், அவர்களை மலை சுற்றிக் காட்ட இவரைக் கூப்பிட்டிருப்பதாகவும் சொன்னார். விருந்தாளிகளைத் திருப்பத்தூர் ரயிலடியிலிருந்து ஏற்றி வரவேண்டும்.

அவர்கள் வரவிருந்த நாள் காலை, முதல் மணி அடித்துப் பிள்ளைகள் உட்கார்ந்த நேரம், ஆயாவை அவள் புருஷனும் அவள் தம்பியும் கைத்தாங்கலாகக் கொண்டுவந்தார்கள். விடியும் முன்பே வலி எடுத்திருக்கிறது. குழந்தை குறுக்கே நிற்கிறது, கீழே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள் என்று மருத்துவம் பார்க்கும் கிழவி கையை விரித்துவிட்டாள். புடவை நனைந்து கணுக்கால் வரை ரத்தம். என்னைப் பார்த்ததும், "டீச்சரம்மா, அண்ணன வண்டி எடுக்கச் சொல்லு" என்றாள்.

நான் ஓடினேன். அவளைத் தாங்கிக்கொண்டு அவர்களும் பின்னாலேயே வந்தார்கள். எங்கள் வீட்டு வாசலில் ஜீப் கழுவி நிறுத்தியிருந்தது. அவர் வெள்ளைச் சட்டை போட்டுத் தயாராக நின்றார். நான் சொன்னதைக் கேட்டார். என் தோளுக்கு மேலாக ஆயாவைப் பார்த்தார். ஏறி உட்கார்ந்து சாவியைத் திருகினார். சத்தமே இல்லை. மறுபடியும் திருகினார்.

"அவளுக்கு இன்னிக்கி மனசில்ல" என்றார், ஆயாவின் புருஷனைப் பார்த்து. அதே வருத்தமான முகம். "நேத்திலேர்ந்தே ஒரு மாதிரியா கீறா. நான் இன்னா பண்ணுவேன், சொல்லு."

நான் கையை உள்ளே விட்டு டாஷ்போர்டுக்கு அடியில் துழாவினேன். அவர் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். வெளியில் நிற்பவர்களுக்குத் தெரியாது. பிடி இறுகியது.

"வேணாம்" என்றார் மெதுவாக, எனக்கு மட்டும் கேட்கும்படி.

"சுவிட்சு இருக்குது! அடியில சுவிட்சு இருக்குது, அத போடச் சொல்லுங்க!" என்று நான் கத்தினேன். அவள் புருஷன் என்னைப் பார்த்தான், அவரைப் பார்த்தான். அவர் சாவியைக் கழற்றிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு, "படிச்ச பொம்பள, பயத்துல இன்னாமோ பேசுது" என்றார். ஆயா அலறினாள். அதற்கு மேல் யாரும் நிற்கவில்லை. ஒரு மூங்கிலில் கம்பளியைத் தூளியாகக் கட்டி, அவளை அதில் படுக்கவைத்து, குறுக்குப் பாதையில் இறங்க ஆரம்பித்தார்கள். மணிக்கட்டை உருவிக்கொண்டு நானும் பின்னால் ஓடினேன்.

கல்லும் முள்ளுமான பாதை. தூளி ஆடும்போதெல்லாம் அவள் என் பெயரைச் சொல்லவில்லை, புருஷன் பெயரையும் சொல்லவில்லை, "இறக்கு, இறக்கு" என்றுதான் சொன்னாள். ஓரிடத்தில் மரங்கள் விலகி எதிர்ச்சரிவு தெரியும். அங்கே கார் ரோடு வளைந்து இறங்குகிறது. வெயிலில் ஒரு வெள்ளைக் கூரை அந்த வளைவில் போனது. எங்கள் ஜீப். உள்ளே அவரைத் தவிர யாரும் இல்லை. நாங்கள் போய்க்கொண்டிருந்த அதே திருப்பத்தூருக்கு அது காலியாகப் போய்க்கொண்டிருந்தது. தூக்கிப்போனவர்கள் தலை குனிந்து கால் வைக்கும் இடத்தைப் பார்த்து நடந்தார்கள். அவர்கள் பார்த்தார்களா என்று எனக்குத் தெரியவில்லை.

அடிவாரத்துக்கு முன்னால் ஓர் ஓடையில் தண்ணீர் கொடுக்க இறக்கினார்கள். நான் அவள் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டேன். தண்ணீர் உள்ளே போகவில்லை. குழந்தையும் அவளோடு போய்விட்டது.

சாயங்காலம் அவர் வந்தபோது நான் அடுப்பு மூட்டாமல் உட்கார்ந்திருந்தேன். விஷயம் அவருக்குத் தெரிந்திருந்தது.

"ஏன்?" என்று கேட்டேன்.

வெள்ளைச் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். பிறகு, "புதுத் தோலு. ரத்தம் பட்டா போவுமா சொல்லு. அவங்கள இன்னாத்துல உக்கார வெப்பேன்?" என்றார். நான் வாய் திறப்பதற்குள், "செத்துடுவாள்னு நான் கண்டனா? புள்ள பெக்கறதுதானே, எல்லாரும் நடந்தே போய்ட்டு வர்றாங்களே" என்று கத்தினார். கண்ணில் தண்ணீர் வந்தது. அது நிஜமான கண்ணீர் என்றுதான் இன்றும் நினைக்கிறேன். அதனால் எனக்கு அவர்மேல் இரக்கம் வரவில்லை.

காரியம் முடிந்த சில நாளில் அவள் புருஷன் எங்கள் வீட்டுக்கு வந்தான். கூடவே ஊர்க்காரர்கள் நாலைந்து பேர். கையில் ஒரு சேவல். எதற்கு வந்திருக்கிறான் என்று எனக்கு முதலில் புரியவில்லை. அவன் ஜீப்புக்கு முன்னால் போய் நின்று கற்பூரம் ஏற்றினான். முன்விளக்குகளுக்கு மேலே குங்குமம் வைத்தான்.

"இன்னா தப்பு பண்ணமோ, கோவிச்சுக்கின. இனிமே எங்க ஜனத்த கைவுடாத தாயி" என்றான்.

நான் வாசலுக்கு வந்து எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னேன். "வண்டிக்கு ஒண்ணும் கோவமில்ல. அன்னிக்கி நாம இறங்கும்போதே அது ஓடுச்சு. காலியா ஓடுச்சு. நான் கண்ணால பாத்தேன்."

யாரும் என்னைப் பார்க்கவில்லை. கூட்டத்தில் ஒருவர் மட்டும், "அப்புறமா மனசு மாறியிருக்கும் டீச்சரம்மா" என்றார். என் கணவர் கைகட்டி நின்றுகொண்டிருந்தார். ஆயாவின் புருஷன் சேவலை அவரிடம் நீட்டினான். வாங்கிக்கொண்டார். அன்றைக்கு அதைச் சமைக்கச் சொல்லி என்னிடம் கொடுத்தார். நான் தொடவில்லை. பக்கத்து வீட்டில் கொடுத்து ஆக்கி வாங்கிச் சாப்பிட்டார்.

அடுத்த வருஷம் வேலூருக்கு அந்தக் காரின் மூன்றாவது படம் வந்தது. மகள் அழுது அடம்பிடித்ததால் நானும் போனேன். தியேட்டர் முழுக்கக் குழந்தைகள். கார் கண் சிமிட்டியது, வெட்கப்பட்டது, பொல்லாதவர்களைத் துரத்தியது. மகளும் அவரும் ஒரே மாதிரி தொடையைத் தட்டிச் சிரித்தார்கள். நான் படம் முழுவதும் ஒன்றைத்தான் தேடிக்கொண்டிருந்தேன். சீட்டுக்குக் கீழேயோ பின்னாலேயோ குனிந்து உட்கார்ந்து, முகம் காட்டாமல் அந்தக் காரை ஓட்டும் மனிதன் ஒருவன் இருக்கவேண்டும். அவன் விரல் நுனியாவது ஓரிடத்தில் தெரியும் என்று பார்த்தேன். தெரியவில்லை. நன்றாக மறைத்திருந்தார்கள்.

அதன்பின் மாறுதல் கேட்டு எழுதினேன். கணியம்பாடிப் பக்கம் கிடைத்தது. மகளை அழைத்துக்கொண்டு வந்துவிட்டேன். அவர் மலையிலேயே இருந்தார். மாதம் ஒருமுறை வருவார், மகளுக்குப் பலாச்சுளை கொண்டுவருவார், தின்பண்டம் வாங்கித் தருவார், போவார். நாங்கள் பிரிந்துவிட்டதாக யாரும் சொன்னதில்லை, நாங்களும் சொல்லிக்கொண்டதில்லை. மேலே அவருக்கு மரியாதை குறையவே இல்லை. கல்யாணப் பத்திரிகை முதலில் அவருக்குத்தான் வைப்பார்கள் என்று கேள்விப்பட்டேன். பிற்பாடு தார் ரோடு போட்டு, பஸ்கள் ஒழுங்காக ஏற ஆரம்பித்ததும் ஜீப்பில் கூட்டம் குறைந்தது. அவர் அதை இரும்புக்குப் போட்டுவிட்டு ஒடுகத்தூரில் தன் அண்ணன் வீட்டோடு போய் இருந்துகொண்டார்.

பஸ் வந்த அந்தக் காலத்தில்தான், ஒருநாள் காலை ஆயாவின் புருஷன் என் வீட்டைத் தேடிக்கொண்டு வந்தான். கூட அவன் மகள், தாவணி போட்ட பெண்ணாக வளர்ந்திருந்தாள். தாயின் வாய் அவளுக்கு இல்லை, தலை நிமிராமல் நின்றாள். அவளை எங்கள் பள்ளியில் ஒன்பதாம் வகுப்பில் சேர்த்து, தங்கவும் ஏற்பாடு செய்யவேண்டும் என்றான். சரி என்றேன். காப்பி போட்டுக் கொடுத்தேன். அந்தப் பெண் என் மகளோடு கொல்லைப்பக்கம் போனதும், என்னால் சும்மா இருக்க முடியவில்லை.

"அன்னிக்கி நான் சொன்னது பொய் இல்லப்பா. வண்டி நல்லாத்தான் இருந்துது" என்றேன்.

அவன் டம்ளரைக் கீழே வைத்தான். "தெரியும்மா."

"என்ன தெரியும்?"

"நானுந்தான் பாத்தேன். தூளியத் தூக்கிக்கினே பாத்தேன், எதிர் ரோட்டுல போச்சு. எம் மச்சானும் பாத்தான். நீ சுவிட்சுன்னு கத்தனப்பவே வெளங்கிச்சு."

"அப்புறம் எதுக்குப்பா சேவல்? எதுக்குக் கற்பூரம்?"

அவன் கொல்லைப்பக்கம் திரும்பிப் பார்த்தான். உள்ளே என் மகள் என்னவோ சொல்ல, அவன் மகள் மெதுவாகப் பதில் சொல்லிக்கொண்டிருந்தாள்.

"இவ ஒருத்தி மிச்சம் இருந்தாளே. நாளைக்கி இவளுக்கு ஒண்ணுன்னா நான் யாராண்ட போய் நிப்பேன்? அவர மொறச்சுக்கினு அந்த மலையில எப்பிடி இருக்கறது? ஊர்ல எல்லாருக்கும் அப்பிடித்தாம்மா. எல்லாருக்கும் தெரியும்."

 இத்தனை வருஷமும் அவர்களை ஒன்றும் அறியாத ஜனம் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். என் கணவரும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தார், கடைசிவரை நினைப்பார்.

"நான் போய்ட்டு வர்றேன்மா. பத்தரை பஸ்ஸ வுட்டா சாயங்காலந்தான்" என்று அவன் எழுந்தான். கொண்டுவந்திருந்த சாமை மூட்டையை அடுக்களை ஓரமாக நகர்த்தி வைத்தான். மகளைக் கூப்பிட்டு, டீச்சர் சொன்னபடி கேட்டு நடந்துகொள் என்று சொல்லிவிட்டுத் தெருவில் இறங்கி நடந்தான். அந்தப் பெண் வாசற்படியில் நின்று, அவன் தெருமுனை திரும்பும்வரை பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் உள்ளே வந்து, அவன் குடித்த டம்ளரை எடுத்துக்கொண்டு போய்க் கழுவினாள்.