என் முதுகுக்குப் பின்னால் ஆடிய எஸ்தர் டீச்சர்

எஸ்தர் டீச்சர் மாரடைப்பில் போய்விட்டார் என்று, அவரிடம் பாலே கற்ற செல்வி போன் செய்தபோது நான் நம்பவில்லை. இன்னொருவரிடம் கேட்டேன். அவரையும் நம்பாமல் பஸ் ஏறிக் காவாந்தண்டலம் போய், கண்ணால் பார்த்த பிறகுதான் அழுதேன். நான் அப்படிப்பட்ட ஆள்தான். டீச்சரை நினைத்து இங்கே கூடியிருக்கிற உங்களுக்கு அது தெரியும்; டீச்சருக்கு இன்னும் நன்றாகத் தெரியும்.

மனைவிமேல் சந்தேகப்பட்டு, நெல் கொட்டி வைக்கும் குதிருக்குள் ஆள் தேடும் புருஷனின் கதை எங்கள் குழுவின் பழைய சிரிப்பு நாடகம். திருவிழாவுக்குத் திருவிழா அந்தப் புருஷன் நான்தான். சென்னையில் பாலே படித்துத் திரும்பிய டீச்சர், அதை வசனமே இல்லாத ஆட்டமாக மாற்ற வேண்டும் என்று வந்து நின்றார். எனக்கு உடனே உறுத்தியது. வாயால் பேர் வாங்கியவனை வாயை மூடச் சொன்னால் மிச்சம் என்ன இருக்கிறது? அந்த வேஷமும் போனால் ஊரில் என்னை யார் சீந்துவார்கள்?

“வசனம் வேணாண்ணே. நீங்க சந்தேகப்பட்டா கழுத்துதான் மொதல்ல பேசுது” என்றார். புகழ்கிறாரா, கழற்றிவிடப் பார்க்கிறாரா என்று புரியவில்லை. குதிர்க் காட்சியில் மனைவி கிடையாது என்று சொல்லி, என்னைத் தனியாகவே ஆடவைத்தார். பிறகு கதவைச் சாத்திக்கொண்டு செல்வியோடு ஏதோ பேசுவார். நான் போனால் பேச்சு நின்றுவிடும். என் வேஷத்தை வேறு யாருக்கோ சொல்லித் தருகிறார் என்றே முடிவு கட்டினேன்.

உத்திரமேரூர்க் கல்யாண மண்டபத்தில் ஆட்டம். நான் குதிர்ப் பக்கம் போனதுமே சிரித்தார்கள். நான் இன்னும் ஒன்றும் செய்யவில்லையே. வேட்டி அவிழ்ந்துவிட்டதா என்று தொட்டுப் பார்த்தேன்; சிரிப்பு அதிகமானது. சடாரென்று திரும்பினேன், யாரும் இல்லை. மறுபக்கம் திரும்பினேன், அங்கும் இல்லை. எனக்கு அழுகையே வந்துவிட்டது. ஆட்டம் முடிந்த பிறகு செல்விதான் சொன்னாள்: மனைவி வேஷத்தில் இருந்த டீச்சர் கால் நுனியில் நின்று, நான் திரும்பும்போதெல்லாம் சத்தமில்லாமல் என் முதுகோடு சேர்ந்து திரும்பியிருக்கிறார்.

“இன்னா டீச்சர், ஊர் முன்னால என்னைக் கோமாளி ஆக்கிட்டீங்களே?”

“சொல்லியிருந்தா நடிச்சிருப்பீங்கண்ணே. சொல்லாததால நெசமா சந்தேகப்பட்டீங்க.”

“ஜனங்க நாடகத்தப் பாத்து சிரிச்சாங்களா, என்னப் பாத்தா?”

“அடுத்த ஆட்டத்துல நீங்களே கண்டுபிடிங்க.”

அந்த அடுத்த ஆட்டம் வருவதற்குள் டீச்சர் போய்விட்டார். எனக்கு இன்னும் கோபம்தான்.

டீச்சர் நினைவாகச் செல்வி அதை மறுபடி போடுகிறாள். டீச்சர் இடத்தில் நின்று உங்கள் முதுகுக்குப் பின்னால் என்ன செய்வேன் என்று முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன் என்றாள், பாவம், எனக்குப் பயந்து.

“அத்த மட்டும் என்கிட்ட சொல்லாத” என்றேன்.

பின்னால் ஒருவர் இருக்கட்டும் என்று விட்டுவிட்டு, நான் பாட்டுக்கு முன்னால் நடப்பது. டீச்சரிடமிருந்து நான் வைத்துக்கொண்டது அது ஒன்றுதான்.