லைலின் தலைக்கு மேல் ஒரு வெள்ளை டேப்

லைல் கொஸ்டிக்கைப் பெரிய ஆட்டக்காரன் என்று யாராவது சொன்னால் அவனே விழுந்து விழுந்து சிரிப்பான். பதினோரு வருஷம் சம்பளத்துக்கு ஐஸ் ஹாக்கி ஆடினான். ஏழு ஊர், ஏழு சட்டை. பெரிய லீகிலிருந்து ஒரே ஒரு தடவை அழைப்பு வந்தது. போய் பெஞ்சில் உட்கார்ந்தான், ஆட்டம் முடிந்ததும் எழுந்து வந்தான். "பெஞ்சு நல்லா மெத்து மெத்துன்னு இருந்துச்சு" என்பான். ஒரு குழு அவனைக் கொடுத்துவிட்டு ஸ்கேட் தீட்டும் மிஷின் ஒன்றை வாங்கிக்கொண்டது. "மிஷின் இன்னும் ஓடுதாம். என் முட்டிதான் போயிடுச்சு" என்று அதையும் சிரித்துக்கொண்டே சொல்வான். முன்பல் மூன்று கிடையாது.

நான் ஹாலோவே அரங்கத்தில் ஐஸை வழித்துத் தண்ணீர் விட்டு வழவழப்பாக்கும் வண்டியை ஓட்டுகிறவள். டோரீன் என்று பெயர். லைல் குடும்பம் என் வீட்டு மாடியில்தான் குடியிருந்தது. அதனால் அவன் ஐஸில் விழுவதையும் பார்த்திருக்கிறேன், வீட்டில் திட்டு வாங்குவதையும் கேட்டிருக்கிறேன்.

திட்டுகிறவள் அவன் பெண்டாட்டி ஜொலீன். கெட்டிக்காரி, வாய் கொஞ்சம் நீளம், எனக்கு அவளை ரொம்பப் பிடிக்கும். ஊர் ஊராகப் பெட்டி கட்டி அவிழ்த்து அலுத்துப்போனவள். எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடச் சமையலறையில் அவளுக்கு வேலை கிடைத்திருந்தது. மகள் ப்ரீ முதல் வகுப்பில் ஒரு சிநேகிதியைப் பிடித்திருந்தாள். அந்தக் கிறிஸ்துமஸ் அன்று என் அடுப்படியில் உருளைக்கிழங்கு மசித்துக்கொண்டிருந்த ஜொலீன், கரண்டியை அவன் மூக்குக்கு நேரே நீட்டினாள்.

"லைல், நல்லா கேட்டுக்கோ. டோரீன்தான் சாட்சி. இன்னொரு தடவை உன்னை வேற குழுவுக்கு மாத்தினா நீ மட்டும் போ. நாங்க வரமாட்டோம்."

லைல் சிரிக்கவில்லை. அன்றிலிருந்து அவன் பயந்தது மார்ச் மாதத்து அந்த ஒரு நாளுக்குத்தான். அன்று மதியம் மூன்று மணியோடு குழுக்கள் ஆட்களை மாற்றிக்கொள்ளும் கெடு முடியும்.

உடை மாற்றும் அறையில் ஒவ்வொருவன் இடத்துக்கு மேலேயும் வெள்ளை டேப் ஒட்டி, கறுப்பு மையில் பெயர் எழுதியிருக்கும். எழுதுவதும் கிழிப்பதும் சாமான்களைப் பார்த்துக்கொள்ளும் ஆர்ட்டின் வேலை. ஒருவனை மாற்றிவிட்டால், கோச் வாயைத் திறப்பதற்கு முன்பே அவன் டேப் போய்விடும். டேப் இல்லாதவனிடம் யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். கை கொடுப்பார்கள், அவ்வளவுதான். என்னைக் கேட்டால் இதைப்போல முட்டாள்தனமான வழக்கம் உலகத்திலேயே கிடையாது. ஆனால் என்னை யார் கேட்கிறார்கள்?

அந்த நாள் வந்தது. சாயங்காலம் ஆட்டம் வேறு. காலைப் பயிற்சி முடிந்து, லைல் குளித்துவிட்டு வந்து பார்த்தால் தலைக்கு மேலே வெறும் பலகை. பெயரைக் காணோம்.

இடுப்பில் துண்டோடு அப்படியே நின்றானாம். பிறகு ஒவ்வொருவனாக வந்து கை கொடுத்தார்கள். "பெரிசு, இனிமே பஸ்ஸுல குறட்டை விட ஆள் இல்லையே" என்று ஒருத்தன் சொல்லிப் பார்த்தான். யாருக்கும் சிரிப்பு வரவில்லை.

நான் வண்டியை நிறுத்திவிட்டு வந்தபோது அவன் பையைக் கட்டி வைத்துக்கொண்டு நடைவழி பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். கோச் மக்வேயின் கதவு சாத்தியிருந்தது. உள்ளே அவர் போனில் யாரிடமோ கத்திக்கொண்டிருந்தார். ஆர்ட்டும் ஊரில் இல்லை, பயிற்சி நடக்கும்போதே ஏதோ சாமான் வாங்கப் போயிருந்தான். கிளம்பும்முன் அவன்தான் கிழித்திருப்பான் என்று எல்லாரும் நினைத்துக்கொண்டார்கள்.

"கதவைத் தட்டிக் கேளுடா" என்றேன்.

"அவர் கூப்பிட்டாதான் போகணும், டோரீன். நானாப் போனா கெஞ்சற மாதிரி இருக்கும்."

"கெஞ்சினா என்ன, கிரீடம் கழண்டு விழுந்துடுமா?"

அவன் எழுந்து போய்ச் சுவரில் இருந்த போனை எடுத்து ஜொலீனைக் கூப்பிட்டான். "ஜோ, டேப்பை எடுத்துட்டாங்க" என்றான். "எங்கன்னு தெரியல. இன்னும் சொல்லல." அப்புறம் "ஜோ? ஜோ?" என்று இரண்டு தடவை கூப்பிட்டான். அவள் வைத்துவிட்டிருந்தாள்.

அவன் முகத்தைப் பார்க்க எனக்குச் சகிக்கவில்லை. ஊர் மாறுவது அவனுக்குப் பழகிப்போனது. தனியாகப் போவது பழக்கமில்லை. "அவ சொன்னா செய்யறவ" என்றான். எனக்கும் அது தெரியும். சாட்சியே நான்தானே.

மதியம் ரெஜான் எழுந்து வந்தான். ரெஜான் எங்கள் கோல்கீப்பர், லைலுக்குப் பக்கத்து இடம் அவனுடையது. கோல்கீப்பர்கள் எல்லாருமே கொஞ்சம் மறை கழன்றவர்கள். இவன் ஆட்ட நாளில் காலையிலிருந்து ஆட்டம் முடியும்வரை வாயே திறக்க மாட்டான், பேசினால் கோல் விழும் என்று நம்பிக்கை. மற்றவர்களுக்கு முன்பே உடை மாற்றிக்கொண்டு, அரங்கத்து மூலையறையில் விளக்கை அணைத்துவிட்டுத் தூங்கியிருந்தான். நடந்த கூத்து எதுவும் அவனுக்குத் தெரியாது.

லைல் அவனைக் கட்டிப்பிடித்தான். "வரேன்டா. கோலைப் பாத்துக்கோ."

ரெஜான் பையைப் பார்த்தான், திறந்திருந்த அறைக்குள்ளே லைலின் வெறும் பலகையைப் பார்த்தான். அவன் முகம் வெளிறிப்போனது. தலையை வேகமாக ஆட்டினான், கையிலிருந்த மட்டையை லைலின் மார்பில் குத்திக் குத்திக் காட்டினான்.

"மட்டையெல்லாம் எனக்கு எதுக்குடா? நீயே வெச்சுக்கோ" என்றான் லைல், கண் கலங்கி.

ரெஜான் ஓடிப்போய் அந்த மட்டையாலேயே கோச்சின் கதவை இடித்தான். கதவு திறந்தது.

"எவன்டா அது, கதவை உடைக்கறது? லைல், பையைத் தூக்கிக்கிட்டு எங்க கிளம்பிட்ட?"

"நீங்கதான் சொல்லணும், கோச்."

"நான் என்னத்தைச் சொல்ல? உன்னை எவனும் கேக்கவே இல்லையே! போய்ப் படுத்துத் தூங்கு, சாயங்காலம் ஆட்டம்."

வேறு யாராக இருந்தாலும் இந்தப் பேச்சுக்கு ரோஷப்பட்டிருப்பான். லைல் "நிஜமாவா? எவனுமே கேக்கலையா?" என்று பல் இல்லாத வாயை விரித்தான். ரெஜான் மட்டையின் கைப்பிடி முனையில் சுற்றியிருந்த டேப்பை உரித்து நீட்டினான். உள்சுற்றில் 'கொஸ்டிக்' என்று ஆர்ட்டின் கோணல் எழுத்து. காலையில் ரெஜானிடம் மட்டைக்குச் சுற்றும் டேப் தீர்ந்துவிட்டது. ஆர்ட்டின் அறை பூட்டியிருந்தது. கைக்கு எட்டியதைக் கிழித்துச் சுற்றிக்கொண்டான், அவ்வளவுதான்.

"ஒரே ஒரு வார்த்தை சொல்லித் தொலைச்சிருக்கக் கூடாதாடா!" என்று கதவை இடித்த சத்தத்துக்குக் கூடியிருந்த கூட்டமே கத்தியது. ரெஜான் உதட்டில் விரலை வைத்துக் காட்டினான்.

லைல் தரையில் உட்கார்ந்து சிரித்தான். திடீரென்று எழுந்து போனுக்கு ஓடினான். வீட்டில் மணி அடித்துக்கொண்டே இருந்தது. யாரும் எடுக்கவில்லை. அவனுடைய சிரிப்பு போய்விட்டது.

அப்போது பின்பக்கம் கார் ஹாரன் விடாமல் அடித்தது. நான் வழித்த பனியைக் கொட்டும் வாசலில் அவர்களுடைய பழைய கார் நின்றிருந்தது. கூரையில் கயிறு போட்டுக் கட்டிய மெத்தை. கண்ணாடி தெரியாத அளவுக்கு உள்ளே மூட்டை முடிச்சு. முன்சீட்டில் ப்ரீ மடியில் மீன் தொட்டி, தண்ணீர் பாதி அவள் பாவாடையில்.

ஜொலீன் கண்ணாடியை இறக்கினாள். "வடக்கா, தெற்கா? அதை மட்டும் சொல்லு. மத்ததை அப்புறம் அழுதுக்கலாம்."

"நீ போனை வெச்சுட்டியே, ஜோ."

"போனை வெச்சாதானே பெட்டி கட்ட முடியும்?"

"வரமாட்டேன்னு சொன்னியே."

"சொன்னேன். கோவத்துல சொன்னதையெல்லாம் மனசுல வெச்சுக்கிட்டு இருப்பியா? வண்டியில ஏறு, மீன் விறைச்சுப் போகுது."

லைல் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, எங்கேயும் போகவில்லை என்ற விஷயத்தைச் சொன்னான். அவள் கேட்டாள். கையுறையைக் கழற்றி அதாலேயே அவனை அடித்தாள், அடித்துக்கொண்டே அழுதாள். "இப்ப அந்த மெத்தையை எவன்டா மாடியில ஏத்தறது?" என்று கத்தினாள். மொத்தக் குழுவும் ஏற்றியது. மீன் தொட்டியைத் தூக்கி வந்தவன் ரெஜான். நான்கூடச் சந்தோஷத்தில் அவனைத் திட்டவில்லை.

அன்றைய ஆட்டத்தில் தோற்றோம். ஐந்து கோல். ரெஜான் வாயைத் திறந்திருந்தாலும் அதே ஐந்துதான் விழுந்திருக்கும்.

அடுத்த மார்ச்சில் ஆர்ட் நிஜமாகவே லைலின் டேப்பைக் கிழித்தான். நான் நடைவழியில் பனி பெருக்கிக்கொண்டிருந்தேன். லைல் சீட்டியடித்துக்கொண்டே போனுக்குப் போனான். "ஜோ, தெற்கு" என்று ஒரே வார்த்தை சொல்லிவிட்டு அவனே முதலில் போனை வைத்தான்.